ராச்டேல் 1931–32

ராச்டேல் என்ற பெயரை நான் முதலில் கேட்டது அப்பாவிடமிருந்துதான். எங்கள் ஊர் கைத்தறி நெசவாளர் கூட்டுறவுச் சங்கத்தில் அவர் காரியதரிசி. இளவயதில் கூட்டுறவுப் பயிற்சிப் பரீட்சைக்காகப் படித்ததில் கடைசிவரை அவருக்கு மறக்காமல் இருந்தது ஒரே ஒரு பாடம். 1844ஆம் வருஷம் டிசம்பர் 21ஆம் தேதி, இங்கிலாந்தில், லங்காஷயர் ஜில்லாவில், ராச்டேல் என்ற ஊரில், டோட் லேன் என்ற தெருவில் 28 பேர் சேர்ந்து ஒரு கடை திறந்தார்கள். அவர்களில் நெசவாளிகளும் உண்டு. மூலதனம் 28 பவுன். கடையில் இருந்தது வெண்ணெய், சர்க்கரை, கோதுமை மாவு, ஓட்ஸ் மாவு, மெழுகுவர்த்தி. கலப்படம் இல்லை, கடன் இல்லை, எத்தனை பங்கு வைத்திருந்தாலும் ஆளுக்கு ஒரு ஓட்டு. இதை அப்பா சொல்லும்போது வேறு சிலர் ராமாயணத்தில் சேது கட்டிய இடத்தைச் சொல்வதுபோல் இருக்கும். 1904ல் திருவல்லிக்கேணியில் சிலர் கூடி ஒரு கூட்டுறவுக் கடை ஆரம்பித்ததும், அதற்கும் பிறகு எங்கள் ஊர்ச் சங்கம் வந்ததும் அந்த 28 பேரிடமிருந்து நேராக இறங்கி வந்த வம்சாவளி என்பது அவர் கணக்கு. ராச்டேல் ஒரு ஊர், அங்கே மழை பெய்யும், ஜனங்கள் சண்டை போட்டுக்கொள்வார்கள், கிழமை சனியானால் பந்து விளையாடுவார்கள் என்றெல்லாம் அவருக்கோ எனக்கோ தோன்றியதில்லை. அது ஒரு சித்தாந்தத்தின் பெயர்.

இரண்டாம் முறை அந்தப் பெயரை நான் பார்த்தது சென்னை மூர் மார்க்கெட்டில். அது 1985ல் எரிந்துபோவதற்குச் சில வருஷங்கள் முன்பு. கவிதைப் புஸ்தகம் ஏதாவது அகப்படுமா என்று தேடிக்கொண்டிருந்தேன். அட்டை கிழிந்த ஒரு தடித்த ஆங்கிலப் புஸ்தகம் கையில் வந்தது. இங்கிலாந்தின் கால்பந்து லீக் அட்டவணைகள், வருஷவாரியாக, வேறு எதுவும் இல்லாமல். நான் கால்பந்து ரசிகன் அல்ல. பள்ளியில் ஆள் குறைந்தால் என்னைப் பின்வரிசையில் நிறுத்துவார்கள், அவ்வளவுதான். ஆனால் உரைநடை எழுதுகிறவன் சில சமயம் உரைநடையே இல்லாத புஸ்தகத்தைக் கண்டு பொறாமைப்படுவதுண்டு. உரிச்சொல் கிடையாது. யார் முயன்றான், யார் அழுதான் என்பது கிடையாது. ஊரின் பெயர், பிறகு ஏழு எண்கள். புரட்டிக்கொண்டு போனபோது 1931–32, மூன்றாம் டிவிஷன், வடக்கு என்ற தலைப்பின் கீழ், அட்டவணையின் கடைசி வரியில் அப்பாவின் ராச்டேல் இருந்தது.

ஆடியது 40. ஜெயித்தது 4. சமன் 3. தோற்றது 33. போட்ட கோல் 48. வாங்கிய கோல் 135. பாயிண்டு 11.

மூன்று ரூபாய் கொடுத்து வாங்கினேன். பஸ்ஸில் வரும் வழியெல்லாம் அந்த ஒரு வரியையே பார்த்துக்கொண்டு வந்தேன். தோற்றது 33 என்பது என்னைக் கவர்ந்தது. அந்தக் கவர்ச்சி எப்படிப்பட்டது என்பதைத்தான் இவ்வளவு காலம் கழித்து விசாரிக்க வேண்டியிருக்கிறது.

அப்போது நாங்கள் நாலு பேர் ஒரு பத்திரிகை நடத்திக்கொண்டிருந்தோம். நானூறு பிரதி அச்சடித்து இருநூற்றுச் சொச்சம் அனுப்பி மீதியைக் கட்டிலுக்கடியில் வைப்போம். தோல்வி என்பது எங்கள் வட்டத்தில் ஒரு தகுதி. ஜெயித்த எழுத்தாளன் என்றால் அவன் ஏதோ சமரசம் செய்துகொண்டிருக்கிறான் என்பது நிரூபணம் தேவைப்படாத உண்மை. மனித இருப்பே தோல்விதான், அதைப் பிரக்ஞையோடு ஏற்றுக்கொள்வதே கலை என்ற தோரணையில் எங்கள் ஆறாவது இதழில் நான் ஒரு கட்டுரை எழுதியிருந்தேன். ஆகவே ராச்டேல் என் கையில் கிடைத்தபோது, 33 முறை தோற்றும் சனிக்கிழமைதோறும் சட்டை மாட்டிக்கொண்டு மைதானத்தில் இறங்கிய பதினொரு பேர் என் தத்துவத்துக்காகவே தோற்றவர்கள்போல் பட்டார்கள். ஒரு நீள் கவிதைக்குக் குறிப்புகள்கூட எடுத்தேன். நல்லவேளையாக எழுதவில்லை.

எழுதவிடாமல் தடுத்தது விவரங்கள்தாம். கிடைத்த இடங்களில் எல்லாம் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். விவரம் சேரச்சேரத் தத்துவம் கரைந்துகொண்டே வந்தது.

ராச்டேல் கிளப் 1907ல் உண்டானது. மைதானத்தின் பெயர் ஸ்பாட்லண்ட். 1921ல் வடக்குப் பகுதிக்கென்று மூன்றாம் டிவிஷன் ஏற்படுத்தப்பட்டபோது உள்ளே வந்தது. முதல் லீக் ஆட்டத்தில் அக்ரிங்டன் ஸ்டான்லியை 6–3 என்று ஜெயித்தார்கள். ஆனால் அந்த வருஷ முடிவில் கடைசி இடம். 1927ல் இரண்டாம் இடம்வரைகூட வந்திருக்கிறார்கள். அந்த டிவிஷனிலிருந்து ஒரே ஒரு கிளப்தான் மேலே போகலாம் என்பதால் இரண்டாம் இடத்துக்கு எந்தப் பலனும் இல்லை. ஆக, பிறவித் தோல்விக்காரர்கள் என்று சொல்லவும் வழியில்லை.

1931–32ல் நடந்தது இது. நவம்பர் தொடக்கத்தில் ஒரு ஆட்டம் ஜெயித்தார்கள். நவம்பர் 14ஆம் தேதி ஒரு தோல்வி. அதிலிருந்து மார்ச் 12வரை ஆடிய லீக் ஆட்டம் 17, பதினேழிலும் தோல்வி. நடுவில் கிறிஸ்துமஸ். அன்றைக்கும் அங்கே லீக் ஆட்டம் உண்டு. 1931 டிசம்பர் 25ஆம் தேதி ட்ரான்மியர் ரோவர்ஸ் என்ற கிளப்பிடம் 9–1 என்று தோற்றார்கள். மாற்று ஆட்டக்காரனை இறக்கும் வழக்கம் அப்போது கிடையாது. ஒருவனுக்குக் கால் பிசகினால் நொண்டிக்கொண்டே ஓரத்தில் நிற்பான், அல்லது பத்துப் பேர் ஆடுவார்கள். தோல் பந்து, வாயில் வார் பூட்டியது. மழையில் நனைந்து கனக்கும். ஆட்டக்காரனுக்கு லீக் விதித்திருந்த உச்சவரம்புச் சம்பளம் சீசனில் வாரத்துக்கு 8 பவுன், கோடையில் 6. மூன்றாம் டிவிஷனில் பலருக்கு அந்த உச்சவரம்பு ஒரு செய்தி மட்டுமே. பார்க்க வருகிறவனுக்கு நுழைவுக் கட்டணம் ஒரு ஷில்லிங். வேலை இல்லாதவனுக்கு ஒரு ஷில்லிங் என்பது எளிதான காசல்ல. அவன் வராவிட்டால் கிளப்புக்குப் பணம் இல்லை. பணம் இல்லாவிட்டால் நல்ல ஆட்டக்காரன் இல்லை. ஆட்டக்காரன் இல்லாவிட்டால் ஜெயிப்பதில்லை. ஜெயிக்காவிட்டால் அந்த ஷில்லிங்கை வைத்திருக்கிறவனும் வருவதில்லை. இந்த வட்டத்தில் இருப்பின் அபத்தம் எதுவும் இல்லை. வரவு செலவுதான் இருக்கிறது. அப்பாவுக்கு இது ஒரு நிமிஷத்தில் புரிந்திருக்கும்.

வேலை ஏன் இல்லை என்று கேட்டால் அந்தக் கேள்வி நம் வாசலுக்கு வந்து நிற்கிறது.

1913ல் இங்கிலாந்திலிருந்து இந்தியாவுக்கு வந்து இறங்கிய பருத்தித் துணி ஏறக்குறைய 300 கோடி கஜம். 1931ல் அதில் எட்டில் ஒரு பங்கு அளவுக்குச் சரிந்துவிட்டது. பம்பாய், அகமதாபாத் மில்கள் ஒரு காரணம். ஜப்பான் ஒரு காரணம். இறக்குமதித் தீர்வை ஒரு காரணம். உலகம் முழுவதும் பரவிய மந்தம் ஒரு காரணம். அந்நியத் துணி பகிஷ்காரம் ஒரு காரணம். எங்கள் தாத்தா 1930ல் ஜவுளிக்கடை வாசலில் மறியல் செய்து அடிவாங்கியவர். அந்தத் தழும்பு எங்கள் குடும்பச் சொத்து. கல்யாண வீடுகளில் அதைக் காட்டச் சொல்லிக் கேட்பார்கள்.

1931 செப்டம்பரில் வட்டமேஜை மாநாட்டுக்காக லண்டன் போன காந்தி, மாநாட்டு நடுவில் லங்காஷயருக்குப் போனார். அவரால் வேலை இழந்தவர்கள் என்று சொல்லப்பட்டவர்களைப் பார்க்க. செப்டம்பர் 26ஆம் தேதி அவர் இருந்தது டார்வென் என்ற நெசவு ஊரில். ஆலைப் பெண்கள் அவரைச் சூழ்ந்து நின்று கைதூக்கி ஆரவாரம் செய்யும் புகைப்படத்தை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். உங்களிடம் முப்பது லட்சம் பேருக்கு வேலை இல்லை, எங்களிடம் முப்பது கோடிப் பேருக்கு வருஷத்தில் பாதி நாள் வேலை இல்லை என்ற பொருளில் அவர் பேசினார். அவர்கள் கேட்டுக்கொண்டார்கள். எதிர்க்கட்சியின் கணக்கை இவ்வளவு மரியாதையோடு கேட்ட கூட்டம் சரித்திரத்தில் அதிகம் இல்லை.

அந்த 26ஆம் தேதி சனிக்கிழமை. அதாவது ஆட்ட நாள். அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம், பெண்கள் இங்கே இருக்கிறார்கள், ஆண்களில் பாதிப் பேர் மத்தியானம் எந்த மைதானத்துக்குப் போனார்களோ என்று எனக்குத் தோன்றும்.

டார்வெனைப் பற்றி இன்னொரு விஷயம் பிறகுதான் தெரிந்தது. ராச்டேல் தொடர்ந்து 17 ஆட்டம் தோற்றது என்றேன். அதைவிட நீண்ட தொடர்தோல்வி ஒன்று அந்த லீகில் அதற்கு முன்பே இருந்தது. 1898–99ல் தொடர்ந்து 18 ஆட்டம் தோற்ற கிளப். 34 ஆட்டத்தில் 141 கோல் வாங்கிய கிளப். அந்தக் கிளப்பின் பெயர் டார்வென். அந்த சீசனோடு அவர்கள் லீகைவிட்டு வெளியேறிச் சிறு பந்தயங்களில் ஆடிக்கொண்டிருந்தார்கள். காந்தி வந்துபோன அதே குளிர்காலத்தில், இங்கிலாந்தின் கோப்பைப் பந்தயத்தில் மூன்றாம் சுற்றுவரை முன்னேறி, 1932 ஜனவரி 9ஆம் தேதி லண்டன் ஹைபரி மைதானத்தில் ஆர்செனலோடு ஆடினார்கள். 11–1. பதினொன்று ஆர்செனலுக்கு.

தேதிகளை வரிசையாக ஒரு தாளில் எழுதிப் பார்த்தேன். டிசம்பர் 25, ராச்டேல் 9–1ல் தோற்ற நாள், காந்தி வெறுங்கையோடு கப்பலில் திரும்பிக்கொண்டிருந்தார். 28ஆம் தேதி பம்பாயில் இறங்கினார். ஜனவரி 4ஆம் தேதி கைது. ஐந்து நாள் கழித்து டார்வென் ஹைபரியில் ஆடியபோது அவர் எரவாடா சிறையில். இதிலிருந்து ஒரு அர்த்தத்தைப் பிழிந்தெடுக்க ஒரு காலத்தில் நான் மிகவும் பிரயாசைப்பட்டேன். அர்த்தம் எதுவும் இல்லை. ஒரே காலண்டரில் இரண்டு பக்கத்து ஆட்களும் தோற்றுக்கொண்டிருந்தார்கள் என்பது மட்டும்தான் உண்மை.

தாத்தா ஜெயித்தாரா? ராச்டேல்காரன் தோற்றானே, ஆகவே எங்கள் நெசவாளி ஜெயித்தானா? இதைக் கேட்டுப் பார்க்க வேண்டியது அவசியம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் லங்காஷயர் துணி வந்து நம் தறியைப் படுக்கவைத்தது என்பது எல்லோருக்கும் தெரிந்த சரித்திரம். அதே லங்காஷயரிலிருந்து வந்த நூலை வாங்கித்தான் நம் தறிகள் பலவும் பிழைத்துக் கிடந்தன என்பது அவ்வளவாகச் சொல்லப்படாத சரித்திரம். பிறகு லங்காஷயர் படுத்தது. ஸ்பாட்லண்டில் பந்து பார்க்க ஆள் குறைந்தது. ஆனால் எங்கள் ஊரில் தறிக்காரன் எழுந்திருக்கவில்லை. அவன் முன்னே இப்போது உள்நாட்டு மில் நின்றது, அதற்குப் பின்னால் பவர்லூம் நின்றது. நம்மைத் தோற்கடித்தவன் தோற்றான், நாம் ஜெயிக்கவில்லை. இந்த அட்டவணையில் மேலே இருப்பது யார் என்று கடைசிவரை தெரியாது.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். என் தத்துவம் போன இடத்தில் பொருளாதாரம் வந்து உட்கார்ந்துகொண்டது. அதுவும் கொஞ்ச நாள்தான். அட்டவணையின் கடைசி வரியை விட்டுவிட்டு ஒருநாள் மேல் இரண்டு வரிகளைப் பார்த்தேன். முதலிடம் லிங்கன் சிட்டி, 57 பாயிண்டு. இரண்டாமிடம் கேட்ஸ்ஹெட், அதுவும் 57. கோல் விகிதத்தில் லிங்கன் மேலே போயிற்று. கேட்ஸ்ஹெட் எங்கே இருக்கிறது? டைன் நதிக்கரையில். கப்பல் கட்டும் தொழிலும் நிலக்கரியும் நசித்துப்போய் அந்தக் காலத்து இங்கிலாந்திலேயே மிக மோசமாக அடிபட்ட பிரதேசங்களில் ஒன்று. அங்கேயும் ஷில்லிங் இல்லை. அங்கேயும் மழை. ஆனால் அவர்கள் ராச்டேலைவிட 46 பாயிண்டு அதிகம் எடுத்தார்கள். ஆக, பஞ்சம் ஒரு டிவிஷன் முழுவதையும் விளக்கும். அந்த டிவிஷனுக்குள் கடைசி வரியில் யார் என்பதை அது விளக்காது. அதை அந்தப் பதினொரு பேரும் கிளப்பின் கமிட்டியும் அந்த வருஷமும் சேர்ந்துதான் உண்டாக்கிக்கொண்டார்கள். தத்துவமும் பொருளாதாரமும் விட்டுவைக்கிற இந்தச் சிறிய மீதிதான் எழுத்தாளனுக்குப் பாக்கி என்று தோன்றுகிறது. அது அதிகமில்லை. ஆனால் அதில்தான் என் அப்பா இருக்கிறார்.

இன்னொரு எண்ணைப் பற்றியும் சொல்ல வேண்டும். அந்த வருஷம் ஒவ்வொரு கிளப்பும் 40 ஆட்டம் ஆடியது என்கிறது அட்டவணை. 22 கிளப்பு உள்ள டிவிஷனில் ஒவ்வொன்றும் மற்றதோடு இரண்டு முறை ஆடினால் 42 வர வேண்டும். இரண்டு எங்கே போயிற்று? விகன் பரோ என்று ஒரு கிளப் இருந்தது. அதே லங்காஷயர், நிலக்கரியும் நூலும். சீசன் தொடங்கி 12 ஆட்டம் ஆடினார்கள். கடன் கழுத்துக்கு மேல் போயிற்று. 1931 அக்டோபர் 26ஆம் தேதி லீகிலிருந்து ராஜினாமா செய்தார்கள். சீசன் நடுவே அப்படி விலகிய முதல் கிளப் அதுதான். லீக் என்ன செய்தது என்றால், அவர்கள் ஆடிய 12 ஆட்டங்களையும் கணக்கிலிருந்து அடித்துவிட்டது. அவர்கள் போட்ட கோல்கள், அவர்களுக்கு எதிராகப் போடப்பட்ட கோல்கள், எல்லாம் நடக்காதவை ஆகிவிட்டன. அட்டவணையில் விகன் பரோ என்ற வரியே இல்லை. 42க்கும் 40க்கும் உள்ள வித்தியாசத்தில் மட்டும் அந்தக் கிளப் இருக்கிறது.

விகன் கெளரவமாக நிறுத்திக்கொண்டது, ராச்டேல் மானங்கெட்டுத் தொடர்ந்தது என்று அந்த நாட்களில் நான் பேசியிருக்கிறேன். ஏழாவது இதழோடு எங்கள் பத்திரிகை நின்றது. நிறுத்தியதற்குக் காரணம் தரம் கெடாமல் நிறுத்துவது என்று அறிவித்தோம். உண்மைக் காரணம் அச்சகத்துக்குப் பாக்கி. நாங்கள் விகன். அதை ஒரு கொள்கையாக மாற்றிக்கொண்டு, அப்பாவிடம் போய் நின்றேன்.

அப்பாவின் சங்கம் அப்போது பல வருஷங்களாக நஷ்டத்தில் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு காலத்தில் இருநூறு தறிக்கு மேல் பாவு கொடுத்த சங்கம். நூல் விலை ஏறியது, பொங்கல் ரிபேட் பணம் வருஷம் கழித்து வந்தது, சேலை தேங்கியது. தறிகள் கழன்றுகொண்டே வந்து கடைசியில் பதினாலு மிஞ்சின. அப்பாவுக்குச் சம்பளம் சில மாசம் வரும், பல மாசம் பாக்கி. நான் அவரிடம் கேட்டேன்: “எதுக்குப்பா இன்னும் இழுத்துக்கிட்டு? கலைச்சுடலாமே. அதுதானே நேர்மை?” அவர் பதில் சொல்லவில்லை. அடுக்களையிலிருந்து அம்மா சொன்னாள்: “உங்கப்பாவுக்குச் சங்கம் நடக்கணும். வீடு தானா நடந்துக்கும்.”

அம்மா சொன்னதை நான் லேசாகத் தாண்டிப் போக விரும்பவில்லை. அவளுடைய வளையல் இரண்டும் அந்தப் பாக்கிச் சம்பளத்தின் காலத்தில் அடகுக்குப் போய்த் திரும்பவில்லை. அக்காவின் கல்யாணம் இரண்டு வருஷம் தள்ளிப்போயிற்று. தொடர்ந்து தோற்பதற்கு ஒருவன் மட்டும் செலவழிப்பதில்லை. அவனுக்குத் தெரியாமல், அல்லது தெரிந்தே, அவனைச் சுற்றி இருக்கிறவர்களும் செலவழிக்கிறார்கள். விடாமுயற்சி என்ற பெயரில் அதைப் புகழ்கிறவர்கள் அந்தச் செலவில் பங்கு கொடுத்தவர்களாக இருப்பதில்லை. நானும் கொடுக்கவில்லை. நான் சென்னையில் கவிதை எழுதிக்கொண்டிருந்தேன்.

அந்தத் தீபாவளிக்கு ஊருக்குப் போகும்போது மூர் மார்க்கெட்டுப் புஸ்தகத்தை எடுத்துக்கொண்டு போனேன். ஒருவிதக் குரூரம் என்றுதான் சொல்ல வேண்டும். திண்ணையில் உட்கார்ந்திருந்தார். அந்தப் பக்கத்தை விரித்து அவர் மடியில் வைத்து, “பாருங்க, உங்க ராச்டேல். 40 ஆட்டத்துல 33 தோத்திருக்கு” என்றேன்.

அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். எந்தப் பத்தி எது என்று கேட்டுத் தெரிந்துகொண்டார். பிறகு வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. சுட்டுவிரல் வரியின் மேல் நகர்ந்துகொண்டிருந்தது. தணிக்கைக்கு முதல் நாள் ராத்திரி பேரேட்டின் மேல் அந்த விரல் அப்படி நகர்வதை நான் சிறுவயதிலிருந்து பார்த்திருக்கிறேன்.

“நாலும் மூணும் ஏழு, முப்பத்து மூணு நாப்பது. ஜெயிச்சா ரெண்டு, சமன்னா ஒண்ணு. பதினொண்ணு. கூட்டல் சரியா இருக்கு” என்றார்.

பிறகு, “கலைச்சுட்டாங்களா?” என்று கேட்டார். நான் நக்கலாக, “கடைசில வந்த கிளப்பு மத்த கிளப்புங்ககிட்டப் போய், எங்களை வச்சுக்குங்கன்னு ஓட்டுக் கேக்கணும். கேட்டிருக்காங்க. போட்டிருக்காங்க” என்றேன்.

“அடுத்த வருஷம்?”

பக்கத்தைப் புரட்டிக் காட்டினேன். 1932–33ன் பட்டியலிலும் ராச்டேல் இருந்தது.

“ம்” என்றார். கண்ணாடியைக் கழற்றி மடித்துக்கொண்டார். எண்ணெய் தேய்த்துக் குளிக்க அம்மா கூப்பிட்டாள், எழுந்து போனார். நான் எதிர்பார்த்துப் போன சண்டை நடக்கவில்லை. எனக்கு ஏமாற்றமாக இருந்தது.

அதற்கு ஆறு வருஷம் கழித்து அப்பா இறந்தார். அவர் போன சில மாசங்களில் சங்கத்தைக் கலைக்க உத்தரவு வந்தது. கட்டிடத்தில் ஓடு சரிந்து ஒழுகியதால் பழைய பேரேடுகளையும் தீர்மானப் புத்தகங்களையும் அப்பா வீட்டு டிரங்குப் பெட்டியில் வைத்திருந்தார். அவற்றை ஒப்படைக்க வேண்டியிருந்தது. ஒப்படைக்கும் முன் புரட்டிப் பார்த்தேன். வருஷா வருஷம் ஒரே வாசகம், அப்பாவின் சாய்ந்த கையெழுத்தில்: நடப்பு ஆண்டின் நஷ்டம் பேரவையால் அங்கீகரிக்கப்பட்டது. அப்புறம் அந்தப் பக்கம் வந்தது. நான் புஸ்தகத்தோடு போன தீபாவளிக்கு இரண்டு நாள் முந்திய தேதி. சங்கத்தை ஏன் கலைக்கக்கூடாது என்று மேலிடத்திலிருந்து சமாதானம் கேட்டு வந்த கடிதம் கூட்டத்தில் படிக்கப்பட்டது. தொடர்ந்து நடத்துவதென்று ஏகமனதாகத் தீர்மானிக்கப்பட்டது. கீழே ஒன்பது பேர். ஐந்து கையெழுத்து, நாலு கைநாட்டு.

ஆக, கலைச்சுட்டாங்களா என்று அவர் என்னிடம் கேட்டபோது அது கால்பந்தைப் பற்றிய கேள்வி அல்ல. இரண்டு நாள் முன்பு தானும் எட்டுப் பேரும் போட்ட ஓட்டு உலகத்தில் வேறு எங்காவது போடப்பட்டிருக்கிறதா என்று விசாரித்திருக்கிறார். அதற்குச் சரியான பதிலை நான் கொடுத்திருக்கிறேன், என்ன கொடுக்கிறேன் என்று தெரியாமலே. என் வாழ்நாளில் நான் எழுதிய எதுவும் ஒருவருக்கு அவ்வளவு தேவைப்பட்ட நேரத்தில் போய்ச் சேர்ந்திருக்கும் என்று தோன்றவில்லை. அதைக் கொடுத்தபோது என் உத்தேசம் நல்லதாகவும் இல்லை.

இதில் அப்பா சரி, நான் தப்பு என்று முடித்துவிட்டால் கட்டுரை அழகாக இருக்கும். ஆனால் அம்மாவின் வளையல் அந்தக் கூட்டலில் சேரவில்லை. தீர்மானப் புத்தகத்தில் அவள் கைநாட்டு இல்லை; அவளை யாரும் ஓட்டுக் கேட்கவில்லை. காரியத்துக்கு வந்த வயசான நெசவாளி ஒருவர் என்னிடம், “காரியதரிசி இருந்த மட்டும் பாவு வந்துச்சு” என்றார். அது உண்மை. பதினாலு தறிக்கு அதற்கப்புறம் ஆறு வருஷம் பாவு வந்தது. இதுவும் உண்மை, அதுவும் உண்மை. ஒன்றை மற்றொன்றிலிருந்து கழிக்க எனக்குத் தெரியவில்லை. கழிக்கத் தெரிந்தவர்கள் கொள்கை எழுதுவார்கள்.

ஒன்று மட்டும் நிச்சயமாகச் சொல்ல முடியும். எங்கள் ஆறாவது இதழில் தோல்வி என்று நான் எழுதியது வேறு, இது வேறு. நான் எழுதியதில் தோற்கிறவனுக்கு ஒரு கண்ணாடி இருந்தது, அதில் அவன் தன்னைப் பார்த்துக்கொண்டே தோற்றான். ஸ்பாட்லண்டில் மார்ச் மாசத்துச் சேற்றில் நின்றவனுக்குக் கண்ணாடி இல்லை. அவனுக்கு இருந்தது அடுத்த சனிக்கிழமை. அப்பாவுக்கு இருந்தது மறுவாரம் பதினாலு தறிக்கு வேண்டிய நூல்கட்டு. தோல்வி அவர்களுக்கு ஒரு தரிசனமாக இருக்கவில்லை. வேலையின் நடுவே வந்துகொண்டிருந்த ஒரு தொந்தரவாக இருந்தது.

ராச்டேல் அதற்குப் பிறகும் ஆடிக்கொண்டிருந்தது. 1974லிருந்து 2010வரை 36 வருஷம் லீகின் கடைசி டிவிஷனிலேயே, மேலேயும் போகாமல் வெளியேயும் விழாமல் கிடந்தது. 2023ல் கடைசியாக லீகைவிட்டு வெளியே விழுந்தது. 1921லிருந்து கணக்குப் போட்டால் 102 வருஷம். அந்தச் செய்தியைப் பேத்தி தன் ஃபோனில் தேடிக் காட்டினாள். “யாரு தாத்தா இவங்க?” என்று கேட்டாள்.

“உன் கொள்ளுத்தாத்தாவுக்குத் தெரிஞ்சவங்க” என்றேன்.